காமிராவுக்குப் பின்னே ஒரு கலைஞர்

சென்ற திங்கள் நம் சங்கத்தார் 'ராஷோமான்' படத்தைத் திரையிட்டனர். படம் முடிந்து வெளியே வந்த அனைவர் வாயிலும் ஒரே பெயர்: டைரக்டர் குரோசாவா. அவர் மேதை; ஐயமில்லை. ஆனால், காட்டினுள் இலைகளின் இடுக்கில் ஞாயிற்றை நேருக்கு நேர் பிடித்துக் காட்டிய கை யாருடையது என்று ஒருவரும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. அந்த வெட்கமே என்னை எழுதத் தூண்டியது.

அவர் பெயர் கசுவோ மியாகவா. 1908-இல் கியோட்டோவில் பிறந்தவர். இளமையில் மையோவியம் பயின்றவர். கருமைக்கும் வெண்மைக்கும் இடையே எத்தனை சாயல்கள் உண்டென்பதைத் தூரிகை அவருக்குக் கற்பித்தது. 1926-இல் நிக்காட்சு ஸ்டூடியோவில் அவருக்குக் கிடைத்த இடமோ பிலிம் கழுவும் கூடம்! 1935-இல்தான் ஒளிப்பதிவாளர் ஆனார். ஒன்பது ஆண்டுக் காத்திருப்பு!

1950-இல் வந்தது 'ராஷோமான்'. அடர்ந்த காட்டில் கண்ணாடிகளால் வெயிலைத் திருப்பி நடிகர் முகத்தில் விழச் செய்தார். வெளிறிய வானத்தின் முன் மழை தெரிய வேண்டுமென்று நீரில் கருமை கலந்தார்கள். அடுத்த ஆண்டே வெனிஸ் விழாவில் அப்படம் முதற்பரிசு பெற்றது.

"டைரக்டர் சொன்னதைச் செய்தார், இதில் கலை எங்கே?" என்பர் சிலர். 1953-இல் மிசோகுச்சியின் 'உகெட்சு' படத்தில் கிரேன் மீதேறிய அவர் காமிரா ஆற்றுநீர் போல் நகர்ந்தது. 1959-இல் ஓசுவின் 'உகிகுசா' படத்தில் அதே காமிரா தவம் செய்வதுபோல் அசையாது நின்றது. நிற்கச் சொன்னவர் ஓசுதான், மறுக்கவில்லை. ஆனால் நின்ற காமிராவின் முன் ஒளியையும் நிழலையும் நிறத்தையும் அளந்து வைத்தவர் மியாகவா. 1960-இல் இச்சிகாவாவின் 'ஒட்டோட்டோ' படத்துக்காக, பிலிம் கழுவும்போது நீங்க வேண்டிய வெள்ளியை நீங்காமல் நிறுத்தி, வண்ணங்களை மங்கவைக்கும் புதுமுறையைக் கண்டார். கழுவும் கூடத்தில் கைநனைத்தவருக்கன்றோ அந்த எண்ணம் தோன்றும்! பிறர் இழிவென நினைக்கும் வேலையே அவருக்குக் கலையின் வித்தாயிற்று.

1999-இல் மறைந்தார் மியாகவா. ஒவ்வொரு டைரக்டருக்கும் ஏற்பத் தன் கண்ணையே மாற்றிக்கொண்ட அவருக்கு, 'இதுதான் என் முத்திரை' என்று மார்தட்டத் தேவை இருக்கவில்லை. பட்டம் பெறுமுன்பே பெயர் தேடி அலையும் நமக்கு இது பாடமாகாதா?

சங்கத்தாருக்கு என் வேண்டுகோள் ஒன்றே. அடுத்த படத்துக்கு அறிவிப்பு எழுதும்போது, டைரக்டர், நடிகர் பெயர்களுக்குக் கீழே ஒளிப்பதிவாளர் பெயரையும் எழுதுங்கள். ஒரு வரிதான், மை அதிகம் செலவாகாது. உழைத்தவரை அறிந்து பாராட்டும் பழக்கம் அந்த ஒரு வரியில் தொடங்கட்டும்!