விதைத்தலும் விதைப்பும்

மேட்டூர் அணை வழக்கமாகத் திறக்கப்படும் நாள் சூன் 12. அன்று முதல் காவிரிப் படுகையின் கடைமடை வரை உழவு, விதைப்பு, நடவு, அறுப்பு என்பனவே பேச்சாகின்றன. இவை யாவும் தொழிற்பெயர்கள். இச்சொற்களோடு வளரும் தஞ்சை மாணவர், ஆங்கில வகுப்பில் 'ஜெரண்டு' என்றதும் அஞ்சுகின்றனர். வரையறையை மனப்பாடம் செய்கின்றனர். தேர்வு முடிந்ததும் மறக்கின்றனர்.

இவ்வச்சத்திற்குக் காரணம் உண்டு. ஆங்கிலத்தில் 'சோ' என்னும் வினை 'இங்' என்னும் ஈறு பெற்றுச் 'சோயிங்' ஆகிறது. அவ்வொரு வடிவமே விதைத்தல் என்னும் பெயராகவும், விதைக்கின்ற என்னும் எச்சமாகவும் நிற்கிறது. தொடரில் அது ஆற்றும் பணியைக் கொண்டே இரண்டையும் பிரித்தறிய வேண்டும். இலத்தீனிலோ விதைக்கின்ற என்பதற்குச் 'செரென்ஸ்', விதைத்தலின் என்பதற்குச் 'செரென்டி' என வடிவங்கள் வேறு. ஆயினும் இலத்தீன் ஜெரண்டு எழுவாயாக வாராது. தமிழில் 'விதைத்தல்' எழுவாயாகும். வேற்றுமை உருபும் ஏற்கும். 'விதைக்கின்ற' என்னும் பெயரெச்சமும், 'விதைத்து' என்னும் வினையெச்சமும், 'விதைத்தவர்' என்னும் வினையாலணையும் பெயரும் தனித்தனி வடிவுடையன.

எனவே, ஆங்கில வகுப்பு தமிழிலிருந்து தொடங்குதல் நன்று. இதற்குப் படுகையிலேயே முன்னோடிகள் உளர். 1706இல் தரங்கம்பாடிக்கு வந்த சீகன்பால்கு இலத்தீனில் எழுதிய தமிழ் இலக்கணம், 1716இல் ஜெர்மனியின் ஹாலே நகரில் அச்சாயிற்று. வீரமாமுனிவர் பேச்சுத் தமிழுக்கு இலத்தீனில் இயற்றிய இலக்கணம் 1738இல் தரங்கம்பாடியில் அச்சேறியது. அறிந்த மொழியின் வழியே அறியாத மொழியை விளக்கியோர் அவர்கள்.

பிறமொழி இலக்கணமும் தமிழுக்கு ஒளி தரும். 'நெல்லை விதைத்தல்' என்கிறோம். 'நெல்லை விதைப்பு' என்பதில்லை, 'நெல் விதைப்பு' என்றே கூறுகிறோம். இரண்டும் தொழிற்பெயர்களே, எனினும் முன்னது வினைக்குரிய இயல்பை இழவாமல் செயப்படுபொருளை ஏற்கிறது. பின்னது முழுப்பெயராகிவிட்டது. பெயராய் நின்றும் செயப்படுபொருளை ஏற்பதே ஆங்கில ஜெரண்டின் இயல்பு. அதனை அறிந்த மாணவர், தம் நாவில் இயல்பாய் வழங்கும் இவ்வேறுபாட்டை முதன்முறையாகக் கண்டுகொள்வர்.

தமிழைப் பிறமொழி அச்சில் வார்த்தல் தகாது என்பர் சிலர். அது உண்மையே. ஆனால், ஒப்பிடுதல் வேறு, வார்த்தல் வேறு. ஒப்பிடுங்கால் வேற்றுமைகளும் புலனாகும். 'நீர் வாராமையால் குறுவை தவறியது' என்னும் தொடரில் 'வாராமை' என்னும் எதிர்மறைத் தொழிற்பெயர் ஒரே சொல்லாய் நிற்கிறது. ஆங்கிலம் அதற்கு எதிர்மறைச் சொல்லொன்றைத் தனியே சேர்க்க வேண்டும். அவ்வொரு சொல்லின் பொருளைக் கடைமடைச் சிறார் வீட்டிலேயே அறிவர். அதன் இலக்கணத்தையும், அதற்கு நிகரான ஆங்கில வடிவத்தையும் ஒருங்கே கற்பித்தல் பள்ளியின் கடமை.