தவணை தவறினால் வண்டி யாருடையது?

கோர்படியில் நம்மவர் குடும்பங்கள் சிலவற்றுக்குத் தவணைக் கடனில் வாங்கிய ஆட்டோவே பிழைப்பு. இரண்டு தவணை தவறியதும் நடுவீதியில் அதை மறித்துச் சாவியைப் பறிக்க எவருக்கேனும் உரிமை உண்டா?

இல்லை. சிட்டிகார்ப் மாருதி நிறுவனத்தின் வழக்கில், வண்டியைச் சட்டப்படியே மீட்க வேண்டும், பலாத்காரம் கூடாது என்று 2011-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆயினும் மறுபக்கத்தையும் நாம் அறிதல் வேண்டும். வாடகைக் கொள்முதல் ஒப்பந்தமாயின், கடைசித் தவணை தீரும்வரை வண்டிக்கு உரிமையாளர் கடன் கொடுத்த நிறுவனமே என்று, மாக்மா நிறுவன வழக்கில் 2020-இல் அதே மன்றம் கூறிற்று. ஆகவே, சட்டம் நம்மைக் காப்பது அடியாட்களிடமிருந்து; கடனிலிருந்து அன்று.

வண்டியை மீட்குமுன் எத்தனை நாள் நோட்டீஸ், விற்குமுன் பணம் கட்டக் கடைசி வாய்ப்பு என்ன என்பவை ஒப்பந்தத்தில் இருக்க வேண்டுமென்பது நிதி நிறுவனங்களுக்கு ரிசர்வ் வங்கி வகுத்துள்ள விதி. கடன் பெறுவோருக்குப் புரியும் மொழியில் தெரிவிக்க வேண்டும் என்பதும் விதியே. மராத்தியோ ஆங்கிலமோ படிக்கத் தெரியாதென்று கூச்சப்பட்டுக் கண்ணை மூடிக் கையொப்பமிடுவானேன்? அந்த ஷரத்துகளைக் கேட்டுத் தெரிந்து, நகலையும் வாங்கி வைப்பீராக. தவணைக்குப் பணம் தட்டுப்படுமென்று தெரிந்த அன்றே, எழுத்து மூலம் அவகாசம் கேட்பீராக. பலவந்தம் நேர்ந்தால், கைகலவாமல் காவல் நிலையத்தில் புகார் கொடுப்பதே முறை.