தொலைந்தவற்றுக்கும் ஒரு பட்டியல்

1917 இல் ஜோன் ஃபோர்ட் எடுத்த ‘பக்கிங் பிரோட்வே’ ஒரு கௌபோய்ப் படம். பட்டணத்துக்காரன் ஒருவன் கூட்டிக்கொண்டு போன காதலியை மீட்க, வயோமிங் பண்ணையாள் நியூயோர்க்குக்குப் போகிறான். நடுவீதியில் குதிரையை விரட்டுகிறான், விடுதிக்குள் பெரிய அடிதடி. நாயகன் ஹரி கேரி. இருவரும் சேர்ந்து செய்த இருபதுக்கு மேற்பட்ட படங்களில் பெரும்பாலானவை இன்று இல்லை. அவற்றைத் தயாரித்த யூனிவர்சல் நிறுவனமே, கையில் மிஞ்சியிருந்த மௌனப் படங்களை 1948 இல் அழித்துவிட்டது. பேசாத படத்துக்கு இனி யார் காசு கொடுப்பார்கள் என்ற கணக்கு. ‘பக்கிங் பிரோட்வே’யும் போனதுதான் என்றிருந்தபோது, 2002 இல் பிரான்சின் ஆவணக் காப்பகத்தில் ஒரு பிரதி அகப்பட்டது. இதே கூட்டின் ‘ஸ்ட்ரெய்ட் ஷூட்டிங்’ செக் நாட்டுக் காப்பகத்திலிருந்து வந்தது.

பிறந்த ஊரில் அழிந்தது அந்நிய ஊரில் ஏன் பிழைக்கிறது? படச்சுருள் ஊர் ஊராக வாடகைக்கு ஓடிக் கடைசி ஊரை அடையும்போது தேய்ந்திருக்கும். திருப்பி அனுப்பும் கூலிக்குக்கூடப் பெறுமதி இராது. ஆகவே அங்கேயே கிடக்கும். கனடாவின் வடகோடியில் டோசன் நகரில், மூடப்பட்ட நீச்சல் தடாகத்துக்குள் கொட்டி மண்போட்ட ஐந்நூறுக்கும் மேற்பட்ட சுருள்கள் 1978 இல் வெளிவந்தன. பத்திரப்படுத்தியவர்கள் என்று யாரையும் புகழ முடியாது. அவை குப்பையாகப் போடப்பட்டவை.

இந்தக் கணக்கில் திருகோணமலையும் ஒரு கடைசி ஊர்தான். அன்று பிரித்தானியக் கடற்படையின் தளம். 1927 இல் ரயில் பாதையும் இங்கே வந்து முடிந்தது. அக்கரையில் சென்னையிலோ எடி போலோவின் சாகசத் தொடர்களுக்குக் கூட்டம் அலைமோதிய காலம் அது. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று தமிழில் கதை சொல்லுவார். துறைமுக ஊரின் சனத்துக்கும் மாலுமிக்கும் குதிரைக்காரனின் அடிதடி விளங்க மொழி வேண்டியிருந்திராது.

ஆனால் டோசனின் பனி நமக்கில்லை. அக்காலச் சுருள் நைத்திரேற்றுச் செலுலோயிட்டால் ஆனது. அதை வளையச் செய்வதற்காகச் சேர்த்த பொருள் நம் கோயில் தட்டில் எரியும் அதே கற்பூரம். வெக்கையும் கடற்காற்றின் ஈரமும் பட்டால் முதலில் உருவம் மங்கும், பிறகு மேற்பூச்சு பிசினாகிச் சுற்றோடு சுற்று ஒட்டும், கடைசியில் மண்ணிறத் தூளாக உதிரும். தீப்பிடித்தால் தனக்கு வேண்டிய ஒட்சிசனைத் தானே உண்டாக்கிக்கொள்ளும். தண்ணீருக்குள் அமிழ்த்தினாலும் அணையாது. இதற்கு மேல் 1942 ஏப்ரல் 9 அன்று யப்பானிய விமானங்கள் போட்ட குண்டு வேறு.

நமக்குச் சொந்தமான இழப்புகளும் இதே வழியில் போனவைதான். இலங்கையில் எடுத்த முதல் கதைப்படம் 1925 இன் ‘ராஜகீய விக்கிரமய’. பிற்காலத்தில் நிதியமைச்சரான என்.எம். பெரேரா அதில் நடித்தார். இந்தியாவிலும் சிங்கப்பூரிலும் ஓடிய அந்தப் படம் சொந்தத் தீவில் திரையிடப்படும் முன் எரிந்து போனது. தென்னிந்தியாவின் முதல் மௌனப் படமான நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ படத்தில் ஒரு சுருளும் மிஞ்சவில்லை. 1933 இன் ‘மார்த்தாண்ட வர்மா’ தப்பியது மூல நாவலின் பதிப்புரிமை வழக்கால். தடைபட்ட படம் வழக்குத் தொடுத்த புத்தக நிறுவனத்திடமே கிடந்து, 1974 இல் புனே தேசியத் திரைப்படக் காப்பகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. வழக்கு நடந்திராவிட்டால் அதுவும் இல்லை.

இவை விபத்தும் அசட்டையும். 1983 யூலையில் ஹெந்தளையில் விஜயா ஸ்ரூடியோ எரிந்ததை அந்தக் கணக்கில் சேர்க்க முடியாது. அது தமிழரான கே. குணரத்தினத்தின் ஸ்ரூடியோ என்பதற்காக மூட்டிய தீ. சிங்களப் படங்களின் மூலச்சுருள்களும் அதில் வெந்தன.

2013 இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் ஓர் ஆய்வு வெளியிட்டது. அங்கே எடுத்த 11,000 இற்குச் சற்றுக் குறைவான மௌன முழுநீளப் படங்களில் 14 வீதமே மூல வடிவில் எஞ்சியுள்ளன என்றது. எண்ணிக்கை கவலை தருவதுதான். எனக்குப் பொறாமை தருவது வேறு: என்னென்ன போயின என்று அவர்களால் பெயர் பெயராகச் சொல்ல முடிகிறது. ஒரு படம் தொலைந்திருக்கலாம், கிடைக்கவும் கிடைக்கலாம் என்று இழுத்துப் பேசப் பட்டியல் கையில் இருக்க வேண்டும். பட்டியல் இல்லாதவனுக்குத் தேடவே ஒன்றுமில்லை.

திருகோணமலையில் எந்தக் கொட்டகையில் எந்த ஆண்டு என்ன ஓடியது என்பதைச் சுருள் இல்லாமலே தொகுக்கத் தொடங்கலாம். பழைய பத்திரிகை விளம்பரங்கள், சுங்கப் பதிவேடுகள், கடற்படையினரின் கடிதங்கள், உட்துறைமுக வீதிப் பக்கத்துப் பழைய வீடுகளின் பெட்டிகளில் கிடக்கக்கூடிய துண்டுப்பிரசுரங்கள் உண்டு. நூலகம் நிறுவனம் மின்வடிவாக்கி வைத்துள்ள பழைய இதழ்களிலிருந்தே முதல் பக்கத்தை எழுதலாம். பல்கலைக்கழகத் திருகோணமலை வளாக மாணவர் இருவர் ஒரு விடுமுறையில் முடிக்கக்கூடிய வேலை அது.