ஓம் புரியின் குரலும் லஹான்யாவின் மௌனமும்

2017 ஜனவரியில் ஓம் புரி மறைந்தபோது வந்த அஞ்சலிகள் பலவும் அவருடைய குரலையே போற்றின. நியாயம்தான். ஷ்யாம் பெனகலின் ‘பாரத் ஏக் கோஜ்’ தொடரில், 1988இல், இந்திய வரலாற்றைத் தூர்தர்ஷன் வழியாக நாட்டுக்குச் சொன்ன குரல் அது. ஆனால் அவரை நிலைநிறுத்திய படத்தில் அவர் ஏறக்குறைய பேசுவதே இல்லை.

கோவிந்த் நிஹலானி இயக்கி, விஜய் டெண்டுல்கர் எழுதிய ‘ஆக்ரோஷ்’ (1980) அது. மனைவியைக் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்ட ஆதிவாசி லஹான்யா, தனக்காக வாதாட வந்த இளம் வழக்கறிஞரிடம்கூட வாய் திறப்பதில்லை. இதைக் ‘குரலற்றவர்களின்’ குறியீடாக வாசிப்பது நம் கல்விப்புலத்தில் வழக்கமாகிவிட்டது. எனக்கு அதில் உடன்பாடில்லை. பேச இயலாமை வேறு, பேச மறுத்தல் வேறு. லஹான்யாவுக்கு மொழி உண்டு. அதைக் கேட்டுப் பதிவு செய்யும் இடம்தான் அவனுடையதன்று. அவனுக்கு எதிராக வாதாடும் அரசு வழக்கறிஞரும் ஆதிவாசியே என்பதை மறந்துவிட முடியாது. சட்டத்தின் மொழியைக் கற்றுத் தேர்ந்தவர் அவர். அம்மொழி அவரை எந்தப் பக்கம் நிறுத்தியிருக்கிறது என்பதை லஹான்யா எதிரே அமர்ந்து பார்த்துக்கொண்டிருக்கிறான். ஓம் புரியின் கண்களில் கெஞ்சல் இல்லை. இரக்கத்தைக் கோரும் எந்தச் சாயலையும் அவர் அனுமதிக்கவில்லை. தந்தையின் ஈமச்சடங்குக்கு விலங்குடன் அழைத்துவரப்படும் இறுதிக் காட்சியில்தான் அவனிடமிருந்து ஓர் அலறல் எழுகிறது. அதையும் எந்த நீதிமன்றமும் சாட்சியமாக எழுதிக்கொள்ள முடியாது.

அம்மைத் தழும்பு முகம் நாயக வேடத்துக்கு ஒவ்வாததால் அவர் கலைப்படங்களுக்கு ஒதுங்கினார் என்றொரு கதை உலவுகிறது. அது அவரையும் அப்படங்களையும் ஒருசேரச் சிறுமைப்படுத்துவது. சத்யஜித் ராயின் ‘சத்கதி’யைத் தூர்தர்ஷன் தயாரித்தது, குத்தகை விவசாயியாக அவர் நடித்த ‘ஆரோஹண்’ (1982) மேற்கு வங்க அரசின் பணத்தில் உருவானது. அதற்கும், அடுத்து வந்த ‘அர்த் சத்யா’வுக்கும் சிறந்த நடிகருக்கான தேசிய விருது கிடைத்தது. வசூலுக்குக் கணக்குச் சொல்ல வேண்டியிராத பொதுப்பணம் இல்லையேல் இந்த வேடங்களில் பாதி அவருக்கு வாய்த்திருக்காது. பின்னாளில் அவர் வணிகப் படங்களுக்குச் சென்றதை வீழ்ச்சி என்போர், அந்தப் பணம் எங்கே போயிற்று என்றும் கேட்கலாம்.

நம் களப்பணிப் படிவங்களில், பேச மறுத்தவருக்கு நேரே ‘பதில் இல்லை’ என்று எழுதிவிட்டு அடுத்த வீட்டுக்குப் போய்விடுகிறோம். இந்தப் பருவத்தில் களத்துக்குச் செல்லவிருக்கும் முதுகலை மாணவர்கள் ‘ஆக்ரோஷ்’ பார்த்துவிட்டுப் புறப்படட்டும். பார்க்கும்போது அந்த இளம் வழக்கறிஞர் கேட்கும் கேள்விகளையும் குறித்துக்கொள்ளட்டும்; அவற்றுள் பல நம் வினாநிரலிலும் இருக்கின்றன.