படம் தாண்டிப்போன முப்பது வருடம்

'பேக் டு தி ஃப்யூச்சர்' (1985) படத்தின் டாக்டர் எம்மெட் பிரவுனை கிறுக்கு விஞ்ஞானி என்று சிரித்துக் கடந்துவிடுகிறோம். எனக்கோ, அவருடைய பயணங்களைவிட படம் தாண்டிப்போகும் முப்பது வருடங்கள்தான் சுவாரசியம். 1955 நவம்பர் 5 அன்று கழிப்பறையில் கடிகாரம் மாட்டப்போய் வழுக்கி விழுகிறார், வாஷ்பேசினில் மண்டை இடிக்கிறது; விழிக்கும்போது காலப்பயணத்துக்கான கருவி மனக்கண்ணில் வந்து நிற்கிறது. அதை ஓடவைக்க 1985 ஆகிவிடுகிறது. குடும்பச் சொத்து முழுக்கக் கரைகிறது. மாளிகையில் வாழ்ந்தவர் கராஜில் ஒரு நாயோடு குடியிருக்கிறார். புளூட்டோனியத்துக்காக லிபியத் தீவிரவாதிகளையே ஏமாற்றுகிறார். அதுவும் சிரிப்புக் காட்சிதான்! மானியமோ உதவிக்கு ஆளோ இல்லாமல் தனியே உழைக்கும் கண்டுபிடிப்பாளர்கள் என்றால் ஹாலிவுட்டுக்குக் கொள்ளை ஆசை. அவர்கள் வீட்டு வரவு செலவை மட்டும் அது விசாரிக்காது. மூன்றாம் பாகத்தில் (1990) அவர் 1885-ல் மாட்டிக்கொண்டு கொல்லராகப் பிழைக்கிறார். பட்டறையை அடைத்து நிற்கும் பூதாகரமான இயந்திரம் ஒன்றைச் செய்து ஓட்டினால், கடைசியில் விழுவது ஒரே ஒரு ஐஸ் கட்டி. டீயில் போட்டுக்கொள்ள! எந்தக் காலத்துக்கும் போகத் தெரிந்த மனுஷர், மின்சாரம் எட்டிப்பார்க்காத அந்த ஊரில்தான் கிளாரா என்ற ஆசிரியையிடம் மனதைப் பறிகொடுக்கிறார். அப்புறம் கல்யாணம், ஜூல்ஸ், வெர்ன் என்று இரண்டு பையன்கள். நீராவி ரயிலையே கால இயந்திரமாக்கிக் குடும்பத்தோடு வந்து இறங்குகிறார். ரசிகர்கள் அவருடைய முதல் கால இயந்திரமான டெலோரியன் காரைக் கொண்டாடட்டும். அவர் செய்ததில் உருப்படியானது அந்த ரயில்தான் என்பேன். காரில் இருந்தவை இரண்டே இருக்கைகள்.