கையெழுத்துப் போட்டால்தான் தாய்மாமன் வருவாரா?

சில வாரங்களுக்கு முன் இந்தப் பகுதியில் ஒரு சகோதரி, நெருங்கிய சொந்தம் கல்யாணத்துக்கு வர மறுத்தால் காலில் விழுந்தாவது அழைத்து வர வேண்டும், இல்லாவிட்டால் பெண்ணுக்குப் போகிற இடத்தில் மதிப்பிருக்காது என்று எழுதியிருந்தார். நானும் அப்படி நினைத்தவள்தான். அதனால்தான் இந்தக் கடிதம்.

2024 வைகாசியில் என் மூத்த மகளுக்குக் கல்யாணம். எனக்கு உடன்பிறந்தவன் ஒரே தம்பி. எங்கள் பக்கத்தில் தாய்மாமன் சீர்த்தட்டோடு மேளம் முழங்க வந்து, மாலை போட்டு, பெண்ணைக் கைபிடித்து மேடைக்கு அழைத்து வர வேண்டும். பெண் பிறந்த நாளிலிருந்து, "உன் மாமன் வந்து நிப்பான்டி" என்று சொல்லியே வளர்த்திருந்தேன்.

வம்பு எங்கே வந்தது என்றால், தாத்தா காலத்து வீட்டில். அப்பா 2009ல் உயில் எழுதாமலே காலமாகிவிட்டார். வீடும் ஒன்றரை ஏக்கர் நிலமும் தம்பி அனுபவத்தில் இருந்தன. நான் ஒருநாளும் கேட்டதில்லை. 2023ல் வீட்டை விற்கப் போவதாகச் சொல்லி விடுதலைப் பத்திரம் எழுதிக் கொண்டு வந்தான். "ஒரு கையெழுத்துதானே அக்கா" என்றான். "ரெண்டு பொண்ணை வச்சிருக்கேன், யோசிச்சுச் சொல்றேன்டா" என்றேன். அவ்வளவுதான் நான் சொன்னது. அன்றோடு பேச்சு நின்றது.

பத்திரிகை அடித்தபோது 'தாய்மாமன்' என்று அவன் பெயரைப் போட்டோம். விட்டால் அதுவே ஒரு குற்றமாகும் இல்லையா? தட்டில் வெற்றிலை பாக்கு, பழம், பத்திரிகை வைத்துக்கொண்டு நானும் என் வீட்டுக்காரரும் போனோம். அவன் வண்டி வாசலில் நிற்கிறது, ஆள் 'வெளியூர்'. தம்பி மனைவி தலையைக் குனிந்தபடியே தட்டை வாங்கிக் கொண்டாள். பாவம், அவளைக் குறை சொல்ல மாட்டேன்.

கல்யாணத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது அத்தை தூது வந்தார். "கையெழுத்தைப் போட்டுடும்மா. முன்னால நின்னு நடத்துறேங்கிறான். சபையில நீ தலைகுனியலாமா?" சொன்னால் வெட்கம், அன்று ராத்திரி பேனாவைத் தேடினேன். தடுத்தது என் மகள்தான். "அம்மா, மாமா எனக்காக வந்தா வரட்டும். பத்திரத்துக்காக வந்தா, அந்த மாலையை நான் எப்படிம்மா கழுத்துல போட்டுக்குவேன்?" என்றாள். இருபத்தாறு வயதுப் பெண்ணுக்கு இருந்த தெளிவு ஐம்பது தாண்டிய எனக்கு இல்லை.

சகோதரிகளே, இது தெரியாமல் எத்தனை பேர் கையெழுத்துப் போட்டிருக்கிறோம்! பூர்வீகச் சொத்தில் ஆண் பிள்ளைக்குள்ள அதே பங்கு பெண்ணுக்கும் உண்டு என்று தமிழ்நாட்டில் 1989லேயே சட்டம் வந்துவிட்டது. அதற்கு முன்பே கல்யாணமானவர்களுக்கு அதில் பங்கு இல்லை. என் கல்யாணம் 1994ல். 2005ல் நாடு முழுவதற்கும் சட்டம் திருத்தப்பட்டபோது அந்தத் தடையும் போயிற்று. 2005ல் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை என்று 2020ல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. சட்டம் இவ்வளவு தூரம் வந்துவிட்டது. நம் சொந்தங்கள் அதைக் கல்யாண மண்டப வாசலில் நிறுத்தி வைக்கிறார்கள். பதிவான விடுதலைப் பத்திரத்தைப் பிறகு மனம் மாறி ரத்து செய்வது லேசில் நடக்காது, கோர்ட்டுக்கு அலைய வேண்டும். கல்யாண வேலை நடுவே போடுகிற கையெழுத்தா அது?

போடவில்லை. தம்பி வரவும் இல்லை. என் சித்தப்பா மகன் அவனும் முறைக்குத் தாய்மாமன்தானே, "நான் நிக்கிறேன்க்கா" என்று மாலையோடு வந்து நின்றான். மாப்பிள்ளை வீட்டாரிடம் என் வீட்டுக்காரர் முதல் வாரமே உள்ளதைச் சொல்லிவிட்டார். "எங்க வீட்டுலயும் இதே கதைதான்" என்று அந்தச் சம்பந்தியம்மா சிரித்தார். சபையில் தலை ஒன்றும் குனியவில்லை.

ஆனால் நான் செய்த தப்பு ஒன்று உண்டு. வீடியோவைப் போட்டுப் பார்த்தால், தாலி கட்டுகிற நேரத்தில் எல்லோரும் அட்சதை போடுகிறார்கள், என் முகம் மட்டும் வாசலைப் பார்த்துக் கொண்டிருக்கிறது. கடைசி நிமிஷத்திலாவது வருவானோ என்று. என் மகள் தலையைத் திருப்பி என்னைத் தேடுவது அதில் தெளிவாகத் தெரிகிறது. அந்த நிமிஷம் திரும்பி வருமா?

இன்னொன்றும் அந்த வீடியோவில்தான் பார்த்தேன். சித்தப்பாவை 2020 ஊரடங்கில் இழந்த என் சித்தி, வந்தும் கடைசி வரிசைத் தூணோரம் உட்கார்ந்திருக்கிறார். தன் மகன் தாய்மாமனாக மேடையில் நிற்கும்போது கூட முன்னே வரவில்லை. 'எதுக்கு வீண் பேச்சு' என்று தானே ஒதுங்கிக் கொண்டாராம். வர மறுத்தவனுக்காக வாசலையே பார்த்த நான், வந்தவரைக் கைபிடித்து முன்னால் உட்கார வைக்கவில்லை.

வர முடியாதவர்கள் கதையே வேறு. இடுப்பெலும்பு முறிந்து படுத்த படுக்கையாக இருந்த பெரியம்மாவுக்கு வரத்தான் கொள்ளை ஆசை. மூன்றாம் நாள் மணமக்களை நேராக அவர் கட்டிலண்டை அழைத்துப் போனோம். கல்யாணப் பலகாரத்தைப் பாலில் ஊறவைத்துச் சாப்பிட்டு, மாப்பிள்ளை கையில் நூற்றியொரு ரூபாய் மொய் வைத்தார். துபாயில் லீவு கிடைக்காத அக்கா மகன் செல்போனில் பார்த்தான். இவர்களிடம் 'நீங்க வரலையே' என்று சொல்லிக் காட்டாதீர்கள், ஏற்கெனவே நொந்து போயிருப்பார்கள்.

வர மறுப்பவர்களை முறையாக ஒருமுறை அழையுங்கள். பெரியவர் ஒருவரை விட்டு இன்னொருமுறை கேளுங்கள். அதற்குமேல் யார் அந்த இடத்தில் நிற்பது என்று முன்கூட்டியே பேசி வைத்துவிடுங்கள். "எங்கே உங்க தம்பி?" என்று மண்டபத்தில் நாற்பது பேர் கேட்பார்கள். "வரலீங்க, வாங்க சாப்பிடலாம்" என்று பந்திக்கு அனுப்புங்கள். நான் ஒவ்வொருவரிடமும் நின்று கதை சொல்லி அழுதேன்.

ஆடியில் தம்பி மனைவி போன் செய்து, "அண்ணி, கல்யாண ஆல்பம் வந்துடுச்சா? பிள்ளைங்க பார்க்கணும்கிறாங்க" என்றாள். மறுநாளே கொடுத்தனுப்பினேன். ஒரு வாரம் கழித்துத் திரும்பி வந்தது, கூடவே என் மகளுக்கு ஒரு பட்டுப்புடவையும். யார் எடுத்தது என்று அவளும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. பத்திரம் கையெழுத்தாகாமல் அவன் பீரோவில்தான் இருக்கிறது.

— பெயர் வெளியிட விரும்பாத வாசகி,
விருதுநகர் மாவட்டம்.