புறம்போக்கு யார்?

ஒருத்தனைக் கேவலமாகத் திட்டணும்னா 'புறம்போக்கு' என்கிறார்கள். வருவாய்த்துறைக் கணக்குப் புத்தகத்திலிருந்து தெருவுக்கு வந்த வசவு இது. யார் பேரிலும் பட்டா இல்லாத நிலம் சர்க்காருடையது என்று 1905ஆம் வருட நில ஆக்கிரமிப்புச் சட்டம் எழுதிவைத்தது. அன்றிலிருந்து அங்கே மாடு மேய்க்கிறவன், விறகு பொறுக்குகிறவள், குடிசை போட்டவன் எல்லாரும் ஆக்கிரமிப்பாளர்கள்.

கும்மிடிப்பூண்டி வட்டத்துத் தேர்வாய் கண்டிகையைப் பாருங்கள். பெரும்பாலும் தலித் மக்கள் வாழும் ஊர். ஊரை ஒட்டி 1,127 ஏக்கர் மேய்க்கால் நிலம், காடாகக் கிடந்தது. மாட்டுக்குப் புல், அடுப்புக்கு விறகு, ஏரிக்கு ஓடிவருகிற மழைத்தண்ணி எல்லாம் அங்கிருந்துதான். அதைத் தூக்கி சிப்காட்டிடம் கொடுத்தார்கள். 2009இல் பிரான்சின் மிஷலின் டயர் கம்பெனியோடு ஒப்பந்தம். 4,000 கோடி ரூபாய் முதலீடு என்றார்கள். சனங்கள் எதிர்த்தார்கள், கைதானார்கள், கோர்ட்டுக்குப் போனார்கள். 2012இல் பிரான்சு அரசின் தொடர்பு மையம் வரைக்கும் புகார் போனது. விசாரணையில் நம்பிக்கை இழந்து அடுத்த வருடம் விலகிக்கொண்டார்கள். காடு போய்விட்டது. 2020 நவம்பரில் சென்னையின் தாகத்துக்காகக் கண்ணன்கோட்டை-தேர்வாய் கண்டிகை நீர்த்தேக்கமும் திறந்தாயிற்று.

பட்டா நிலத்தை எடுத்தால் நோட்டீஸ் உண்டு, நஷ்டஈடு உண்டு, விலை போதாது என்று வாதாடவாவது வழி உண்டு. மேய்க்காலுக்கு, ஒரு ஆபீசிலிருந்து இன்னொரு ஆபீசுக்குக் காகிதம் மாறினால் போதும். எடுத்ததாகவே கணக்கில் வராது. வங்கியில் குமாஸ்தாவாக இருக்கிறவன் நான். பயிர்க்கடன் கேட்டு வருகிறவரிடம் பட்டா, சிட்டா, அடங்கல் கேட்பது என் உத்தியோகம். மூணு தலைமுறையாய் உழுதவரானாலும் காகிதம் இல்லையென்றால் என் மேசைக்கு முன்னால் அவர் விவசாயி இல்லை. வங்கிக்கும் தாசில்தாருக்கும் பார்வை ஒன்றுதான்.

சரி, நம்ம பேரில் ஏன் காகிதம் இல்லை? சோம்பேறிகள் என்பதாலா? செங்கல்பட்டு கலெக்டர் திரமென்ஹீர் 1891இல் எழுதிய அறிக்கையில் பதில் இருக்கிறது. கும்மிடிப்பூண்டியும் அன்று அந்த ஜில்லாதான். தரிசு நிலம் கேட்டு ஒரு பறையர் தர்காஸ்து போட்டால், மிராசுதாருக்கே முன்னுரிமை. 'எனக்கு வேணும்' என்று அவர் ஒரு வார்த்தை சொன்னால் மனு செத்தது. தடுத்ததும் அவர்கள், 'உனக்குப் பட்டா ஏது?' என்று கேட்பதும் அவர்கள். அந்த அறிக்கைக்குப் பிறகு 1892இல் வந்த பஞ்சமி நிலங்களும் பெரும்பகுதி கைமாறின. திருப்பிக் கேட்டதற்குத்தான் காரணைப் போராட்டத்தில் 1994 அக்டோபர் 10 அன்று ஜான் தாமஸும் ஏழுமலையும் போலீஸ் துப்பாக்கிக்கு உயிர் கொடுத்தார்கள்.

ஆகவே தோழர்களே, 'ஆக்கிரமிப்பு' என்ற அவர்கள் வார்த்தையில் நின்றுகொண்டு கருணை மனு எழுதவேண்டாம். அதே 1905 சட்டத்தின் 2ஆம் பிரிவை முழுசாகப் படியுங்கள். சர்க்காரின் சொத்துரிமை, ஏற்கெனவே இருந்துவரும் வழக்க உரிமைகளுக்கு உட்பட்டது என்று அதிலேயே இருக்கிறது. மேய்த்ததும் விறகெடுத்ததும் குளத்துக்கு வாய்க்கால் வெட்டியதும் வழக்கம்தானே? நிரூபிக்கிற வேலை நம்முடையது. 7ஆம் பிரிவு நோட்டீஸ் இல்லாமல் காலி செய்யச் சொன்னால் எழுத்தில் ஆட்சேபியுங்கள். நோட்டீஸ் வந்தால் எழுத்தில் பதில் கொடுங்கள். உத்தரவு எதிராக வந்தால் 10ஆம் பிரிவில் அப்பீல் உண்டு. அபராதம் கட்டச் சொல்லி வந்த பி-மெமோ ரசீதுகளைக் கிழித்துப் போடாதீர்கள். நாம் அங்கே இருந்தோம் என்பதற்கு அவர்களே எழுதிக்கொடுத்த சாட்சி அது.

தேர்வாயில் போராட்டம் தொடங்கும்போது நிலம் ஏற்கெனவே காகிதத்தில் பேசப்பட்டுவிட்டது. அடுத்த சேரியிலாவது நாம் முந்திக்கொள்ளணும். படித்த பிள்ளைகள் இந்த விடுமுறையில் தத்தம் ஊரின் அ-பதிவேடு நகலை வாங்குங்கள். எந்த சர்வே எண்ணில் எது மேய்க்கால், எது நத்தம், எது பஞ்சமி என்று எழுதி, தெருவில் எல்லோரும் கேட்க வாசியுங்கள். புல்டோசர் வருவதற்கு முன்னால் அந்த வாசிப்பு நடந்தாகணும்.